ஒட்டுவேலையா, எழுத்துவேலையா?

ஆகஸ்ட் 20, வாசகர் ஒருவரின் கேள்வி

ஏ.கே. செட்டியாரை ஆவணப்பட முன்னோடி என்று ஆளாளுக்குக் கொண்டாடுகிறார்கள். அவர் எடுத்தது காந்தி பற்றிய ஒரே ஒரு படம். அதிலும் பெரும்பகுதி அடுத்தவர்கள் எடுத்த பிலிம். ஊர் ஊராகப் போய் வாங்கி வந்து ஒட்டினார், அவ்வளவுதானே? பயண எழுத்தாளர், பத்திரிகை ஆசிரியர் என்றால் ஒப்புக்கொள்கிறேன். படைப்பாளி என்பதெல்லாம் கொஞ்சம் அதிகம். நீங்கள் அந்தத் துறையில் இருந்தவர், சொல்லுங்கள். அங்கே எழுத்தாளனுக்கு என்னதான் வேலை?

ஆகஸ்ட் 20, இரவு

ஒட்டுவதுதான் வேலை. எதை எதற்குப் பக்கத்தில் ஒட்டுவது என்று முடிவு செய்கிறவன் எழுதுகிறவன்தான், கையில் பேனா இருந்தாலும் கத்தரிக்கோல் இருந்தாலும்.

செட்டியார் கதையை ஒரு தடவை நேராகச் சொல்லிவிடுகிறேன். கோட்டையூர்க்காரர், 1911ல் பிறந்தவர். ரங்கூனில் ‘தனவணிகன்’ பத்திரிகையைப் பார்த்துக்கொண்டார். ஜப்பானுக்கும் பிறகு அமெரிக்காவுக்கும் போய்ப் போட்டோகிராபி படித்தார். 1937 அக்டோபர் 2ஆம் தேதி நியூயார்க்கிலிருந்து டப்ளின் போகும் கப்பலில் இருந்தபோதுதான் காந்தியைப் பற்றி ஒரு படம் எடுக்கலாம் என்ற யோசனை வந்தது. அப்போது அவருக்கு 26 வயதுகூட நிரம்பவில்லை. டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட் என்று ஒரு கம்பெனி ஆரம்பித்தார். அதன் பிறகு மூன்று வருஷம் அலைச்சல். அவர் கணக்குப்படி ஒரு லட்சம் மைல். 30 வருஷ காலத்தில் 100 கேமராக்காரர்கள் எடுத்த பிலிம், மொத்தம் 50,000 அடி. அதிலிருந்து 12,000 அடியைத் தேர்ந்து 1940 ஆகஸ்டில் தமிழ் விளக்கவுரையோடு படத்தை வெளியிட்டார்.

50,000 அடியில் 38,000 அடியைத் தூக்கிப் போட்டிருக்கிறார். வாங்குவதற்குப் பணம் இருந்தால் போதும். தூக்கிப் போட எழுத்தாளன் வேண்டும்.

12,000 அடி என்றால் மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடும். அந்தக் காலத்தில் உட்கார்ந்து பார்த்திருக்கிறார்கள்.

ஆகஸ்ட் 21

மேலே போட்ட கணக்கு தப்பு. எடிட்டர் நண்பர் ஒருவர் போன் போட்டுத் திட்டினார். முப்பது வருஷம் இந்தத் தொழிலில் இருந்துவிட்டு இதுகூடத் தெரியாதா என்று.

35 எம்.எம். பிலிமில் ஒரு அடிக்கு 16 கட்டம், அதாவது பிரேம். பேசும் படம் நொடிக்கு 24 கட்டம் ஓடும், அதாவது நிமிஷத்துக்கு 90 அடி. 12,000 அடி என்றால் 133 நிமிஷம், இரண்டே கால் மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவு. நான் பழைய மௌனப் பட வேகமான நொடிக்கு 16 கட்டத்தை மனசில் வைத்துப் பெருக்கிவிட்டேன்.

நான் ஏன் அப்படித் தப்பு செய்தேன் என்பதிலேயே ஒரு விஷயம் இருக்கிறது. செட்டியார் சேகரித்த பிலிமில் பழையதெல்லாம் மௌனப் படம். கேமராக்காரர் கையால் சுற்றி எடுத்தது. நொடிக்கு 16, சில சமயம் 18, கை வலித்தால் 14. அதை அப்படியே 24ல் ஓட்டினால் மனிதர்கள் குடுகுடுவென்று ஓடுவார்கள். காந்தி சாதாரணமாகவே வேகமாக நடக்கிறவர். பழைய துண்டுகளில் அவரைப் பார்த்தால் பஸ்ஸைத் தவறவிடப் போகிறவர் மாதிரி இருக்கும். இரண்டு கட்டத்துக்கு ஒன்றை இரட்டித்து அச்சடித்தால் வேகம் சரியாகும், ஆனால் நடையில் ஒரு விக்கல் வந்துவிடும். சின்னப் பிள்ளைகளுக்குப் போட்டுக் காட்டினால் அந்த ஓட்டத்துக்குத்தான் சிரிக்கிறார்கள். காந்தி ஓடவில்லை கண்ணுகளா, ஓடியது புரொஜெக்டர்.

ஆகஸ்ட் 21, மதியம்

‘டாக்குமெண்டரி’ என்ற சொல்லே அப்போது சின்னப் பிள்ளை. படங்களைப் பற்றி ஜான் கிரியர்சன் என்ற ஸ்காட்லாந்துக்காரர் அந்தச் சொல்லைப் போட்டு எழுதியது 1926ல். பத்துப் பன்னிரண்டு வருஷத்தில் நம் ஊர்க்காரர் அதைக் கம்பெனிப் பெயராகவே வைத்துவிட்டார்.

நமக்கோ அதற்குப் பிறகும் ரொம்ப காலம் அது ‘நியூஸ்’தான். கொட்டகைக்கு ஓடிப் போய், “படம் போட்டாச்சா?” என்று கேட்டால், “இல்ல, நியூஸ்தான் ஓடுது” என்பார் டிக்கெட் கிழிப்பவர். அரசாங்கத்தின் பிலிம்ஸ் டிவிஷன்காரர்கள் எவ்வளவோ பாடுபட்டு எடுத்ததை நாங்கள் முறுக்கு வாங்கும் நேரமாகத்தான் வைத்திருந்தோம். பிற்காலத்தில் நானே அந்த மாதிரிப் படங்களுக்கு எழுதப் போனேன். அந்த முறுக்கின் சாபம்.

ஆகஸ்ட் 22

என் கதையைக் கேட்டிருக்கிறீர்கள், சொல்கிறேன்.

நான் கதை எழுத வந்தவன். இரண்டு சிறுகதை அச்சில் வந்ததும் வேலையை விட்டேன். வீட்டு வாடகை கொடுக்க முடியாமல் போனதும் டாக்குமெண்டரிக்குக் கமெண்டரி எழுதப் போனேன். தொண்ணூறுகளின் நடுப்பகுதி, யூ-மேட்டிக் வீடியோ டேப் போய் பீட்டாகேம் டேப் வந்த சமயம். எடிட்டிங் அறையில் ஏ.சி. குளிரில் உட்கார்ந்து டைம்கோடு, அதாவது எந்தக் காட்சி எந்த நொடியில் வருகிறது என்பதை, குறிக்க வேண்டும். 04:12லிருந்து 04:19 வரை ஏழு நொடி. ஏழு நொடிக்குப் பன்னிரண்டு, பதின்மூன்று வார்த்தைக்கு மேல் தமிழ் உட்காராது. ‘சத்தியாக்கிரகத்தில் கலந்துகொள்ள வந்த தொண்டர்கள்’ என்று தொடங்கினாலே பாதி நேரம் போய்விடும். இங்கிலீஷில் எழுதியதை அப்படியே தமிழில் மாற்றித் தரச் சொல்லும் தயாரிப்பாளர்களுக்கு இது புரிந்ததே இல்லை.

எனக்கு வாய்த்த முதல் பெரிய வேலை வேதாரண்யம் உப்புச் சத்தியாக்கிரகம். அரை மணி நேரப் படம். 1930 ஏப்ரல் 13ஆம் தேதி திருச்சியிலிருந்து ராஜாஜி தலைமையில் நூறு பேர் அளவில் கிளம்பி, சுமார் 150 மைல் நடந்து 28ஆம் தேதி வேதாரண்யம் போய்ச் சேர்ந்தார்கள். நடப்பவர்களுக்குச் சோறோ தங்க இடமோ கொடுத்தால் ஜெயில் என்று தஞ்சை கலெக்டர் தார்ன் உத்தரவு போட்டிருந்தார். ஜனங்கள் நேரில் கொடுக்காமல் வழியில் மரக்கிளைகளில் சோற்று மூட்டைகளைக் கட்டித் தொங்கவிட்டார்கள். கேட்கும்போதே படமாகத் தெரிகிறது, இல்லையா? பிரச்சினை என்னவென்றால் அப்படி ஒரு படமே எங்களிடம் இல்லை. ஆறு மாசம் தேடினோம். ஒரு அடி பிலிம் கிடைக்கவில்லை. கிடைத்தவை நாலைந்து போட்டோ, அதிலும் முகமெல்லாம் வெளுத்துப் போயிருந்தது.

செட்டியார் மூன்று வருஷம் சுற்றினார். எனக்கு ஆறு மாசம் ஆனதுமே தயாரிப்பாளர், “போதும், இருக்கறத வெச்சு முடிங்க” என்றுவிட்டார்.

இருந்தது தண்டி. குஜராத்தில் காந்தி நடந்த தண்டி யாத்திரையின் பிலிம் துண்டுகள் கைக்கு வந்தன. அதைப் போட்டு மேலே வேதாரண்யம் கமெண்டரியை ஏற்றினேன். ‘தமிழகத்துத் தொண்டர்கள் உப்பை அள்ளினார்கள்.’ அழகாக உட்கார்ந்தது, ஏழே நொடி.

ஆகஸ்ட் 22, இரவு (தொடர்ச்சி. சாப்பிட எழுந்து போய்விட்டேன்)

படத்தை அந்த ஊரிலேயே போட்டுக் காட்டினோம். கல்யாண மண்டபம், டிவி பெட்டி, வி.சி.ஆர். முன்வரிசையில் உப்பளத்தில் வேலை பார்த்த ஒரு பெரியவர். அவருடைய அப்பா அந்தக் காலத்தில் அகஸ்தியம்பள்ளியில் நின்று பார்த்தவராம். படம் முடிந்து எல்லோரும் கைதட்டினார்கள். பெரியவர் மட்டும் என்னைக் கிட்டே கூப்பிட்டார்.

“தம்பி, படம் நல்லாருக்கு. ஆனா அது நம்ம ஆளுங்க இல்லையே?”

நான் அசடு வழிய, “பழைய படம் ஐயா, அப்படித்தான் மங்கலா இருக்கும்” என்றேன்.

“மங்கலெல்லாம் இல்ல. வேட்டியப் பாருங்க, எல்லாரும் பின்னால சொருகியிருக்காங்க. நம்ம பக்கம் ஐயமாருதான் அப்படிக் கட்டுவாங்க. உப்பு அள்ள அத்தன ஐயரா வந்தாங்க?”

பக்கத்தில் இருந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அன்றைக்கு ராத்திரி பஸ்ஸில் திருத்துறைப்பூண்டி வரை தூங்கவில்லை.

ஆகஸ்ட் 23

மூன்று நாள் முன்னால் ‘ஒட்டுவதுதான் வேலை’ என்று ஜம்பமாக எழுதினேன். நேற்று எழுதியதைப் படித்துவிட்டு அதே வாசகர், “அப்போ ஒட்டினதாலதானே மாட்டிக்கிட்டீங்க?” என்று கேட்டிருக்கிறார். நியாயம்.

அதனால் கொஞ்சம் திருத்திச் சொல்கிறேன். ஒட்டுவது வேலைதான், ஆனால் எந்தத் துண்டு எங்கிருந்து வந்தது என்று தெரிந்து ஒட்ட வேண்டும். செட்டியாரிடம் அது இருந்தது. சந்தேகமிருந்தால் ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ படித்துப் பாருங்கள். அந்தப் படம் எடுத்த அனுபவத்தை அவர் எழுதியதை ஆ. இரா. வேங்கடாசலபதி பதிப்பித்து 2003ல் காலச்சுவடு வெளியிட்டது. யாரைப் போய்ப் பார்த்தார், எங்கே என்ன கிடைத்தது என்று வரிசையாகச் சொல்லிக்கொண்டு போவார். தென்னாப்பிரிக்கா வரை போயிருக்கிறார். காந்தி அங்கிருந்து 1914லேயே கிளம்பிவிட்டார். இருபது வருஷத்துக்கு மேல் கழித்து அங்கே போய் என்ன கிடைக்கும் என்று யாராக இருந்தாலும் கேட்டிருப்பார்கள். இவர் போனார். என் தயாரிப்பாளராக இருந்தால் திருச்சி தாண்டவே விட்டிருக்க மாட்டார்.

ஆகஸ்ட் 23, பின்குறிப்பு

பி.வி. பதியைச் சொல்லாமல் விட்டது தப்பு. சென்னைக்காரர், பாரிஸில் படித்தவர். கேமராவிலும் படத்தைச் சேர்ப்பதிலும் செட்டியாருக்குப் பெரிய துணை. ‘ஒரே ஆள் எடுத்த படம்’ என்ற தொனி என் முதல் குறிப்பில் இருக்கிறது. கமெண்டரி எழுதுகிறவனுக்கே அந்த வியாதி உண்டு, கேமராமேன் பெயரை மறந்துவிடுவான்.

ஆகஸ்ட் 25

சோற்று மூட்டையை என்ன செய்தீர்கள் என்று கேட்டிருக்கிறார்கள். அது ஒரு தனிக் கதை.

நாங்களே கட்டித் தொங்கவிட்டு எடுத்தோம். வேதாரண்யம் சாலையில் ஒரு புளியமரம். சமையல்காரரிடம் சொல்லிப் புளிச்சோறு வாங்கி வாழை இலையில் மடித்து, வெள்ளைத் துணியில் கட்டிக் கிளையில் தொங்கவிட்டோம். ஒளிக்காகக் காத்திருந்தபோது காக்கை வந்துவிட்டது. விரட்டினோம். பத்து நிமிஷத்தில் ஏழெட்டு. கேமராமேன் சலித்துப்போய், “விடுங்க சார், வர்றது வரட்டும்” என்று கேமராவை ஓடவிட்டார். காக்கை ஒன்று மூட்டையைக் கொத்த, துணி அவிழ்ந்து சோறு கொட்டியது. படத்திலேயே உயிருள்ள காட்சி அதுதான். 1930லும் காக்கை வந்திருக்குமே! எந்தப் புத்தகத்திலும் காக்கை இல்லை. காக்கை தின்றது போக மிச்சம்தான் தொண்டர்கள் சாப்பிட்டிருப்பார்கள் என்று எனக்கு அன்றைக்குத்தான் தோன்றியது.

தண்டிப் பிலிம் நிஜம், ஆனால் நான் அதை வைத்துப் பொய் சொன்னேன். புளிச்சோறு நாங்களே கட்டியது, ஆனால் யாரும் ஏமாறவில்லை. பார்க்கிறவர்களுக்கே தெரியும் அது இப்போது எடுத்தது என்று. நடித்துக் காட்டுவது கூடாது என்று ரொம்ப நாள் மேடையில் பேசிக்கொண்டிருந்தவன் நான். புளியமரத்தடியில் கொஞ்சம் வாயை மூடிக்கொண்டேன்.

ஆகஸ்ட் 25, சாயங்காலம்

இன்னொரு தோல்வி. கலெக்டர் பெயர் தார்ன். இங்கிலீஷில் முள். ராஜாஜி அந்தப் பெயரை வைத்தே, முள்ளால் இந்த வெள்ளத்தைத் தடுக்க முடியாது என்கிற மாதிரி சிலேடையாகப் பேசியிருக்கிறார். கமெண்டரியில் கொண்டுவர நாலு நாள் முயன்றேன். ‘தார்ன் என்றால் ஆங்கிலத்தில் முள்’ என்று விளக்கியதுமே சிரிப்பு போய்விடுகிறது. கடைசியில் கருவேல முள்ளை ஒரு நொடி நெருக்கத்தில் காட்டி, கலெக்டர் பெயரை அதன் மேல் சொல்லவைத்தேன். ஒருவருக்கும் புரியவில்லை. எனக்கு மட்டும் சந்தோஷம்.

ஆகஸ்ட் 28

செட்டியார் படம் எங்கே பார்க்கலாம் என்று மூன்று பேர் கேட்டுவிட்டார்கள்.

1940ல் வந்த அந்தத் தமிழ்ப் படம் இன்றைக்கு முழுசாகப் பார்க்கக் கிடைப்பதில்லை. இந்தியில் ஒரு வடிவம் 1947ல் டெல்லியில் காட்டப்பட்டது. 1953ல் அமெரிக்காவில் சுருக்கி, க்வென்டின் ரெனால்ட்ஸ் என்ற அமெரிக்கப் பத்திரிகையாளர் குரலில் ஆங்கில வடிவம் வந்தது. பார்க்க முடிவது அதுதான். தமிழில் யோசித்து, தமிழில் பேசி, தமிழர்களுக்குக் காட்டிய படத்தை அமெரிக்க வாயால் கேட்க வேண்டியிருக்கிறது.

பிலிம் போன கதை நம் ஊரில் தனிப் புராணம். அந்தக் காலத்து 35 எம்.எம். எல்லாம் நைட்ரேட் என்ற ரசாயனப் பொருளால் ஆன பிலிம். சும்மா வைத்திருந்தாலே பிசுபிசுத்துப் பொடியாகும், தீப்பிடித்தால் தண்ணீருக்கும் அடங்காது. 2003 ஜனவரியில் புனேயில் கிடங்கு எரிந்தபோது எத்தனையோ பழைய பிலிம் சாம்பலானது. இன்னும் எத்தனையோ பிலிமை எடைக்குப் போட்டு, கழுவி வெள்ளி எடுத்தார்கள். காந்தியின் முகம் வெள்ளித் துகளால் ஆனது என்று கவிஞர் யாராவது எழுதலாம். எடைக்கு வாங்கியவர் கவிஞர் இல்லை.

ஆகஸ்ட் 29

மேலே ‘புராணம்’ என்று எழுதியதற்கு ஒரு நண்பர் கோபித்துக்கொண்டார். பாதுகாக்கப் பாடுபட்டவர்களும் இருக்கிறார்களே என்றார். சரிதான். புனேயில் 1964ல் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் வந்ததும், அங்கே பி.கே. நாயர் அலைந்து அலைந்து பெட்டி பெட்டியாகச் சேர்த்ததும் இல்லாவிட்டால் இருப்பதும் இருந்திருக்காது. நாயரும் ஒரு வகையில் செட்டியார் சாதிதான். தேடிப் போகிற சாதி.

செட்டியார் பிறகு ஏன் படமே எடுக்கவில்லை என்ற கேள்விக்கு என்னால் ஊகிக்கத்தான் முடியும், ஊகம் வேண்டாம். அவர் செய்தது தெரியும். 1943ல் ‘குமரி மலர்’ பத்திரிகையைத் தொடங்கி, கடைசிவரை அதில் பழைய கட்டுரை, பழைய கடிதம், பழைய பத்திரிகைத் துணுக்கு என்று தேடித் தேடிப் போட்டுக்கொண்டிருந்தார். பிலிமுக்குப் பதில் காகிதம், அவ்வளவுதான். கேள்வி கேட்ட வாசகர் ‘படக்காரர் இல்லை, பத்திரிகை ஆசிரியர்’ என்று பிரித்தாரே, எனக்கு அந்தக் கோடே தெரியவில்லை. 1940க்கு முன்னும் பின்னும் ஒரே வேலையைத்தான் செய்தார்.

இன்னொன்று. அவர் எழுத்தில் ‘நான்’ கிடைப்பது அபூர்வம். ஒரு லட்சம் மைல் சுற்றிய ஆள், தன்னைப் பற்றி எழுதக் கூச்சப்படுகிறார். நான் 150 மைல் ரோட்டை ஜீப்பில் போய்விட்டு இங்கே பக்கம் பக்கமாக எழுதிக்கொண்டிருக்கிறேன்.

செப்டம்பர் 2

சம்பளம் பற்றிக் கேட்டவருக்கு: அந்த அரை மணிப் படத்துக்கு எனக்குப் பேசிய தொகையில் பாதிதான் வந்தது. மீதியைக் கேட்கப் போனபோது, “படத்துல நீங்க பேசறதே கம்மியாத்தானே இருக்கு, பாதி இடம் சும்மா ஓடுது” என்றார்கள். சும்மா ஓடவிடத்தான் சார் நான் அவ்வளவு நாள் எழுதி எழுதி அடித்தேன். இதை எந்த பில்லில் எப்படி எழுதுவது?

செப்டம்பர் 6

வேதாரண்யம் படத்தைப் பார்க்க முடியுமா என்று வாசகர் கேட்டார் (ஆமாம், அதே வாசகர். இப்போது நண்பராகிவிட்டார்). பரணிலிருந்து டேப்பை இறக்கினேன். பெட்டியைத் திறந்ததும் வெள்ளையாகப் பூஞ்சை, ஈர மூட்டை வாடை. ஓட்டினால் டேப்பைப் படிக்கிற ஹெட் போய்விடும் என்று கடைக்காரர் கையிலேயே வாங்கவில்லை. தயாரிப்பாளரிடம் இருந்த மாஸ்டர் டேப்பில் வேறு எதையோ பதிந்துவிட்டார்களாம். டேப் விலை அதிகம், மறுபடி பயன்படுத்துவது வழக்கம்தான்.

அதே பெட்டியின் அடியில் கமெண்டரித் தாள்கள் இருந்தன. கார்பன் காப்பி, நீல எழுத்து, அப்படியே இருக்கிறது. ஓரத்தில் டைம்கோடு. பாதி வரிகள் சிவப்பு மையில் அடித்தவை. காக்கை வரும் இடத்தில் எடிட்டர் கையெழுத்தில் ‘இங்க ஒண்ணும் பேசாதீங்க சார்’ என்று இருக்கிறது.

செப்டம்பர் 7

நண்பர் தட்டச்சு செய்து தருகிறேன் என்றார், ஸ்கேன் எடுத்து அனுப்பினேன். ராத்திரி பதினோரு மணிக்கு அவரிடமிருந்து செய்தி: “பதினாலு பக்கம்னு மேல எழுதியிருக்கு. பதிமூணுதான் வந்திருக்கு. ஏழாம் பக்கம் எங்கே?”

எண்ணிப் பார்த்தேன். இல்லை. ஆறாம் பக்கம் காக்கையில் முடிகிறது, எட்டாம் பக்கம் ராஜாஜி கைதாவதில் தொடங்குகிறது. நடுவில் இருந்தது அந்த ஏழு நொடி, பின்னால் சொருகிய வேட்டிகள். கிழித்தது நானாகத்தான் இருக்க வேண்டும். எப்போது என்றுதான் ஞாபகமில்லை.